மார்ச் மாத வெள்ளையடிப்பு

எனக்கு ஒரு ஹோட்டல் சொந்தமானது என் திறமையால் அல்ல. என் கணவருக்கு விற்பனை வரி என்றால் இருந்த பயத்தால். இதைச் சொல்வதில் எனக்கு வெட்கம் எதுவும் இல்லை. அவருக்குத்தான் கடைசி வரை கொஞ்சம் இருந்தது.

எழுபதுகளின் தொடக்கத்தில் கல்பாக்கத்தில் அணுமின் நிலைய வேலை மும்முரமாக நடந்துகொண்டிருந்தது. பக்கத்து ஊரான புதுப்பட்டினத்தில், கடைத்தெருவில் எங்கள் ஹோட்டல். அதுவரை மீன் வாங்க வருகிறவர்களும் விற்க வருகிறவர்களும்தான் எங்கள் வாடிக்கை. வேலை தொடங்கியதும் தெலுங்குக்காரர், மலையாளி, இந்திக்காரர் என்று கொத்தனாரும் கம்பி கட்டுகிறவருமாக வந்து குவிந்தார்கள். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் பசித்தது. காலையில் இட்லி, பொங்கல், தோசை. மதியம் சாப்பாடு, மீன் குழம்பு. அடுப்படி எனக்கு, கல்லாப்பெட்டி அவருக்கு. கல்லா நாற்காலியில் வேறு யாரும் உட்காரக் கூடாது. சாமான் வாங்கச் செங்கல்பட்டுக்குப் போகிற நாளில்கூட, தோள் துண்டை அதில் விரித்துவிட்டுத்தான் போவார். நான் துண்டிடம் காசைக் கொடுக்க வேண்டும்.

இப்படி நன்றாக நடக்கிற ஹோட்டல் வருஷா வருஷம் மார்ச் மாதம் முழுக்க மூடிக் கிடக்கும். "வெள்ளையடிப்பு வேலை நடைபெறுவதால் விடுமுறை" என்று வாசலில் ஒரு போர்டு தொங்கும். ஊரெல்லாம் பொங்கலுக்கு வெள்ளையடித்தால் நாங்கள் மார்ச்சில் அடிப்போம்.

காரணம் சுவரில் இல்லை, சட்டத்தில் இருந்தது. சட்டத்தை எழுதினவர்கள் நல்ல மனதோடுதான் எழுதியிருப்பார்கள். சின்னக் கடைக்காரனைத் தொந்தரவு செய்ய வேண்டாம் என்று ஒரு கோடு கிழித்தார்கள். வருஷத்துக்கு இவ்வளவு வரைக்கும் விற்றால் வரி கிடையாது. அந்தக் கோட்டைத் தாண்டினால் உண்டு. ஆனால் தாண்டின பகுதிக்கு மட்டும் வரி என்றால் யாரும் கவலைப்பட மாட்டார்கள். ஏப்ரல் ஒன்றாம் தேதி விற்ற முதல் இட்லியிலிருந்து எல்லாவற்றுக்கும் வரி. அதாவது, மார்ச் முப்பதாம் தேதி எவனோ ஒருவன் கூடுதலாக ஒரு தோசை கேட்டுவிட்டால், போன வருஷம் சித்திரையில் சாப்பிட்டுவிட்டு ஊருக்கே போய்விட்டவனின் பொங்கலுக்கும் நாங்கள் வரி கட்ட வேண்டும். அவனைத் தேடிப் பிடித்து வசூலிக்கவா முடியும்? கையிலிருந்துதான் போகும்.

என் கணவர் ஜனவரியில் நோட்டைப் புரட்ட ஆரம்பிப்பார். பிப்ரவரியில் முகம் சுருங்கும். பிப்ரவரி கடைசியில் சாம்பாரில் பருப்பு குறையும், காபியில் சிக்கரி ஏறும். சிக்கனம் என்று நினைத்துவிடக் கூடாது, வருகிறவர்களை விரட்டும் திட்டம் அது. ஒரு முதலாளி தன் கடையின் பெயரைத் தானே கெடுக்கப் பாடுபடுவதை நான் வேறு எங்கும் பார்த்ததில்லை. அப்படியும் ஆட்கள் வருவார்கள், ஏனென்றால் பக்கத்தில் வேறு நல்ல கடை இல்லை. வேறு வழியில்லாமல் சுண்ணாம்பு வாங்கி வருவார். மூன்றாவது வருஷம் சுவரில் சுண்ணாம்பு அவ்வளவு தடிமனாக ஏறிவிட்டது. ஏப்ரலில் கடை திறந்த அன்று ஒரு பெரிய பொருக்கு உதிர்ந்து நேராகச் சட்னி வாளியில் விழுந்தது.

அவருக்கு அது ஒரு மாத ஓய்வு. எங்கள் கடைக்கு மாவாட்ட வருகிற பெண்ணுக்கு அப்படி இல்லை. குப்பத்தில் அவள் வீடு. புருஷன் கடலுக்குப் போகிறவன், வலையில் எதுவும் விழாத நாட்களில் அவள் கூலிதான் வீட்டுக்குச் சோறு. மார்ச்சில் மாவு இல்லை என்றால் கூலியும் இல்லை. அவள் வீட்டிலிருந்த ஒரே பித்தளைத் தவலை மார்ச்சில் அடகுக் கடைக்குப் போகும், ஆனி மாதம் திரும்பி வரும். எங்கள் வரிக் கணக்கில் அந்தத் தவலை எந்தப் பக்கத்திலும் இல்லை.

"இன்னாக்கா, இந்த வருசமும் செவுத்துக்குத்தான் சோறா?" என்று கேட்டுவிட்டுப் போவாள். சிரித்துக்கொண்டேதான் கேட்பாள். நான் அடுப்பை ஊதுகிற சாக்கில் குனிந்துகொள்வேன். எனக்கு அவள் முகத்தைப் பார்க்கக் கூசும்.

எங்களுக்குக் கணக்கு எழுதித் தருகிறவர் வெள்ளிக்கிழமைகளில் செங்கல்பட்டிலிருந்து பஸ்ஸில் வருவார். வந்ததும் ஒரு காபி, போகும்போது ஒரு காபி, இரண்டுக்கும் காசு கிடையாது. என் கணவரை அண்ணாத்த என்பார், என்னைத் தங்கச்சி என்பார். ஒரு வெள்ளிக்கிழமை, இரண்டாவது காபியில் அவருக்கு ஞானம் பிறந்தது.

"அண்ணாத்த, ஒரு ஓட்டலா இருக்கறதாலதான் கோட்டத் தாண்டுது. ரெண்டு ஓட்டலா இருந்தா தாண்டுமா?"

"ரெண்டாவது ஓட்டலுக்கு நான் எங்கய்யா போவேன்?"

"எங்கயும் போவாத. நடுவுல ஒரு தட்டி கட்டு. காலைல டிபன், தங்கச்சி பேருல. மதியானம் சாப்பாடு, உன் பேருல. தங்கச்சி வேற, நீ வேற. சட்டத்துக்கு ரெண்டு ஆளு."

நான் அடுப்படியிலிருந்து கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். கல்யாணமாகிப் பதினோரு வருஷத்தில், நான் வேறு ஆள் என்று ஒருவர் வாயிலிருந்து வந்தது அன்றைக்குத்தான்.

அடுத்த வாரம் கணவர் ஒரு காகிதத்தை நீட்டினார். "இங்க ஒரு கையெழுத்துப் போடு."

"இன்னாங்க இது?"

"ஒண்ணுமில்ல. நீ ஒரு ஓட்டலுக்கு மொதலாளி."

"எந்த ஓட்டலுக்கு?"

"இதே ஓட்டலுக்குத்தான். பாதிக்கு."

எட்டாவது வரை படித்தவள் நான். கையெழுத்து நன்றாகவே வரும். அதை ரேஷன் கார்டுக்கு அப்பால் எங்கேயும் போட்டதில்லை என்பதால் சற்றுப் பெரிதாகவே போட்டேன்.

மூங்கில் தட்டி வந்தது. ஃபேன் இருந்த பக்கம் அவருக்கு, தூண் இருந்த பக்கம் எனக்கு. அவர் பக்கத்துக்குப் பெயிண்டர் வந்து புதுப் போர்டு எழுதினார். எனக்குத் தனிப் போர்டு தண்டச் செலவு என்று, பழைய வெள்ளையடிப்புப் போர்டின் முதுகிலேயே என் ஹோட்டலின் பெயரை எழுத வைத்தார். காபி யாருக்கு என்று ஒரு கேள்வி வந்தது. காபி நல்ல லாபம், அதனால் அது சாப்பாட்டு வகையைச் சேர்ந்தது என்று கணக்கரும் கணவரும் முடிவு செய்தார்கள். ஆகவே என் பக்கம் இட்லி தின்றவர்கள் கை கழுவி, காசு கொடுத்து, வெளியே இறங்கி, மறுபடி அவர் பக்கம் ஏறி, காபி குடித்து, இன்னொரு முறை காசு கொடுத்தார்கள்.

இதைப் பார்த்த ஊர் என்ன நினைக்கும்? புருஷன் பெண்டாட்டிக்குள் பாகப்பிரிவினை என்று நினைத்தது. எங்கள் பக்கத்தில் குடும்பம் உடைந்தால் முதலில் வருவது நடுவில் ஒரு தட்டிதான். அண்ணன் தம்பி பிரிந்தாலும் அப்படித்தான், மாமியார் மருமகள் பிரிந்தாலும் அப்படித்தான். மூன்றாவது நாள் குப்பத்துப் பஞ்சாயத்துத் தலைவர் இரண்டு பெரியவர்களோடு வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். எங்களுக்கு மீன் கொடுக்கிற குடும்பத்து ஆள், சொன்ன சொல்லுக்கு மரியாதை உள்ளவர்.

"இன்னாப்பா, நல்லாத்தானே இருந்தீங்க? இப்புடி நடு வூட்டுல தட்டி கட்டிகினு இன்னாத்துக்குப் பேஜாரு?"

என் கணவருக்கு வியர்த்துவிட்டது. வரிக்காகக் கட்டினோம் என்று சொன்னால், சாயங்காலத்துக்குள் அது மகாபலிபுரம் வரை போய்விடும், மறுநாள் செங்கல்பட்டு ஆபீசுக்கு. வேறு வழியில்லாமல், "ஒரு சின்னச் சண்ட, மாமா" என்றார்.

"யாரு மேல தப்பு?"

நான் தட்டிக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு, பதிலுக்காக ஆவலோடு காத்திருந்தேன். என் மேல் என்று சொல்லியிருந்தால் நான் தட்டியைப் பிய்த்து உண்மையைச் சொல்லியிருப்பேன். அது அவருக்கும் தெரியும்.

"என் மேலதான்" என்றார்.

நடக்காத சண்டைக்கு அவர் பத்துப் பேர் முன்னால் மன்னிப்புக் கேட்டார். நான் பெரிய மனது பண்ணி மன்னித்தேன். தட்டி இருக்கட்டும், ஆனால் அவள் பக்கக் கல்லாவில் இவன் கை படக் கூடாது என்று தலைவர் தீர்ப்புச் சொல்லிவிட்டு, என் பக்கம் வந்து இரண்டு தோசை சாப்பிட்டார். காசு கொடுத்துவிட்டுத்தான் போனார்.

இரண்டாவது தீர்ப்பு வரி ஆபீசிலிருந்து வந்தது. தோல் பையும் நல்ல பேச்சுமாக ஓர் இன்ஸ்பெக்டர். கணவரைப் பார்த்து நேராகக் கேட்டார்.

"ரெண்டும் ஒரே கடைதானே?"

"இல்ல சார். வேற வேற."

"அவங்க உங்க சம்சாரம்தானே?"

"ஆமா சார். ஆனா வேற."

இன்ஸ்பெக்டர் என் பக்கம் வந்து உட்கார்ந்தார். இட்லிக்கு எத்தனை படி அரிசிக்கு எத்தனை படி உளுந்து, ஒரு நாளைக்கு எத்தனை ஈடு, சவுக்கு விறகு யாரிடம் வாங்குகிறீர்கள், மாவாட்டும் கூலி எவ்வளவு என்று வரிசையாகக் கேட்டார். பதினோரு வருஷம் யாரும் கேட்காத கேள்விகள். நான் விட்டேனா? உளுந்து திண்டிவனத்தில் என்ன விலை, இங்கே என்ன விலை, என் கணவர் விறகு வண்டிக்காரனிடம் எப்படி ஏமாறுகிறார் என்பது வரை சொன்னேன். அவர் எழுதி எழுதிக் கை ஓய்ந்து போனார். பிறகு அந்தப் பக்கம் போய், ஒரு படி அரிசியில் எத்தனை சாப்பாடு வரும் என்று கணவரிடம் கேட்டார். கணவர் தட்டி இடுக்கு வழியாக என்னைப் பார்த்தார்.

"சார் கேக்கறது உங்கள" என்றேன்.

இன்ஸ்பெக்டர் பேனாவை மூடினார். "இந்த அம்மா கடை இவங்களோடதுதான். அதுல எனக்குச் சந்தேகம் இல்ல. உங்க கடை யாரோடதுன்னுதான் யோசிக்கிறேன்" என்றார். கடைசியில், தனி அடுப்பு, தனிக் கல்லா, தனிக் கொள்முதல் இருக்க வேண்டும், தான் எப்போது வந்தாலும் அந்தந்தக் கல்லாவில் அந்தந்த முதலாளி உட்கார்ந்திருக்க வேண்டும் என்று சொல்லி, இரண்டும் வேறு வேறு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார்.

அப்படித்தான் நான் கல்லாவில் உட்கார்ந்தேன். நாடகத்துக்காக உட்கார்ந்தவள்தான். முதல் வாரம் எழுந்திருக்கவே மனம் வரவில்லை. முதுகுக்குச் சாய்மானம், முகத்துக்குக் காற்று, கேட்டதற்குப் பதில் சொல்லுகிற மனிதர்கள். இத்தனை வருஷம் இந்தச் சுகத்தை எல்லாம் அந்தத் துண்டு அனுபவித்திருக்கிறதே என்று எனக்கு உண்மையாகவே ஆத்திரம் வந்தது.

அடுப்படிக்கு ஒரு மாஸ்டரைப் போட்டேன். காபி விற்க எனக்கு அனுமதியில்லை, அதனால் சுக்கும் மல்லியும் தட்டிப் போட்டுக் கருப்பட்டிக் காபி போட்டேன். அது காபி இல்லை, கஷாயம் என்று வாதாடினேன். கொத்தனார்கள் அதற்காகவே வந்தார்கள். கணவர் பக்கம் காபி பாய்லர் தனியாக மூச்சு விட்டுக்கொண்டிருந்தது. ஒரு நாள் காலையில் அந்தப் பக்கத்திலிருந்து ரவை வறுபடும் வாசனை வந்தது. எட்டிப் பார்த்தால், உப்புமா!

"இன்னாங்க இது? உங்க ரிஜிஸ்டர்ல டிபன் இல்ல."

"சும்மா நமக்கு, வூட்டுக்கு" என்றார்.

"வூட்டுக்கு எதுக்கு நாப்பது எல?"

அன்றைக்கு அந்த நாற்பது இலை உப்புமாவையும் குப்பத்துப் பிள்ளைகள் தின்றார்கள். இன்ஸ்பெக்டர் என்ற ஒருவர் எப்போது வேண்டுமானாலும் வரலாம் என்ற நினைப்பு, என் கணவரை என் கல்லாவிலிருந்து தள்ளி நிறுத்தியது. நான் பதினோரு வருஷம் பேசிப் பார்த்தும் வராத ஒழுக்கம் அது.

இரண்டு மார்ச்சுகள் மூடாமல் கழிந்தன. மூன்றாவது வருஷம் வேலைக்கு வந்த ஆட்கள் பெருகி, இரண்டு பக்கமுமே வளர்ந்துவிட்டன. பிப்ரவரியில் கணக்கர் என் நோட்டைப் பார்த்துவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். கோடு இன்னும் மூன்று வாரத் தூரத்தில்தான் இருந்தது. அதே வாரம் ஒரு கட்டிடக் கான்ட்ராக்டர் வந்தார். மார்ச் முழுக்க அவர் ஆட்களுக்குத் தினமும் காலையில் இட்லிப் பொட்டலம் வேண்டும், வேலை நடக்கிற இடத்துக்கே கொண்டுவந்து கொடுக்க வேண்டும். மந்தார இலையும் பேப்பரும் சணல் நூலும் போதும், வேறு தொல்லை இல்லை. மாவாட்டுகிற பெண் ஆள் கணக்கைக் கேட்டுவிட்டு, "யக்கா, இதுக்கு என் நாத்தனாரையும் இட்டுகினு வரணும்" என்றாள். அவள் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை.

ஒத்துக்கொண்டால் கோட்டைத் தாண்டுவேன். மறுத்தால் மார்ச்சில் மூட வேண்டும், அவள் வெறும் கையோடு குப்பத்துக்குப் போக வேண்டும்.

கணக்கரிடம் இதற்கும் மருந்து இருந்தது. "இன்னொரு தட்டி கட்டலாம் தங்கச்சி. இட்லி உன் பேருல. தோசய அண்ணாத்தயோட கூடப்பொறந்தவ பேருக்கு மாத்திரலாம்."

"சட்னி?"

அவர் கொஞ்சம் யோசித்தார். நிஜமாகவே யோசித்தார். "சட்னிய பொதுவுல வெச்சுக்கலாம்."

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. இப்படியே போனால் இந்த ஊரில் ஒவ்வொரு இட்லிக்கும் ஒரு முதலாளி வந்துவிடுவார், ஒரு முதலாளிக்கும் வயிறு நிறையாது என்று கத்தினேன். வளர்ந்தால் தண்டனை என்று பயந்து, வளராமல் இருப்பதற்கு இத்தனை மூளையைச் செலவழிக்கிற ஆட்கள், அந்த மூளையில் பாதியை வியாபாரத்தில் போட்டிருந்தால் மகாபலிபுரத்தில் ஒரு மாடி ஹோட்டல் கட்டியிருக்கலாம். வரி கட்டினால் எவ்வளவு போகும், ஒரு மாதம் மூடினால் எவ்வளவு போகும் என்று அன்று மத்தியானம் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். மூடுவதைவிட வரிதான் அதிகம் வந்தது, ஆனால் கொஞ்சம்தான். அந்தக் கொஞ்சத்துக்காகத்தான் வருஷா வருஷம் ஊரைப் பட்டினி போட்டிருக்கிறோம்.

பிப்ரவரி முடிய இரண்டு நாள் இருக்கும்போது கணவர் ஸ்டூலைப் போட்டு ஏறி, என் போர்டைத் திருப்பி மாட்டப் போனார். முதுகுப் பக்கம்தான் விடுமுறை அறிவிப்பு இருந்ததே. நான் ஸ்டூலைப் பிடித்துக்கொண்டேன்.

"எறங்குங்க."

"ஒரு மாசம்தாம்மே. ஏப்ரல்ல தொறந்துக்கலாம்."

"உங்க கடைய மூடுங்க. இது என் கட."

"தாண்டிட்டா இன்னா ஆவும்னு தெரியுமா? ரெண்டையும் ஒண்ணாச் சேத்துருவானுங்க. என் கடையும் பூடும்!"

அவர் குரலில் நிஜமான பயம் இருந்தது. அது எனக்கும் தொற்றிக்கொண்டது, பொய் சொல்ல மாட்டேன். இருந்தாலும் ஸ்டூலை விடவில்லை. கடைசியில் போர்டு அப்படியே இருந்தது, அவர் இறங்கிவிட்டார். அன்றிலிருந்து என்னோடு பேச்சை நிறுத்திக்கொண்டார். தட்டிக்கு அந்தப் பக்கத்திலிருந்து மாஸ்டரிடம் பேசுவார். "மாஸ்டரு, உங்க மொதலாளிம்மா வூட்டு சாவிய எங்க வெச்சாங்கன்னு கேளு."

மறுநாள் டிபன் முடிந்ததும் திருக்கழுக்குன்றம் வழியாகப் போகிற பஸ் ஏறித் தனியாகச் செங்கல்பட்டு போனேன். நோட்டுப் புத்தகம் மடியில் இருந்தது. ஆபீசில் இருந்த குமாஸ்தா தலையைத் தூக்காமலே, "கோட்டத் தாண்டலன்னு எழுதிக் குடுக்கணும், அவ்ளோதானே?" என்றார்.

"இல்ல சார். தாண்டப் போறேன். அதச் சொல்லத்தான் வந்தேன்."

அவர் தலையைத் தூக்கினார். பக்கத்து மேஜைக்காரரும் தூக்கினார். உள்ளேயிருந்து எங்கள் இன்ஸ்பெக்டர் எழுந்து வந்தார்.

"நிஜமாத்தான் சொல்றீங்களா? யாராவது சண்ட போட்டு அனுப்பிச்சாங்களா?"

நோட்டைக் காட்டினேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். தானாக வந்து வரி கட்டுகிறேன் என்கிறவள் வேறு எதையோ மறைக்கிறாள் என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். அதில் அவரைக் குற்றம் சொல்ல முடியாது, அவர் பார்த்த உலகம் அப்படி. நானாகவே கேட்டுவிட்டேன்.

"சார், நான் பதிஞ்சுகிட்டா, எங்க வூட்டுக்காரர் கடையையும் இதோட சேத்துருவீங்களா?"

அவர் சிரித்துவிட்டார். "எப்படிம்மா சேக்க முடியும்? வேற வேறன்னு நானே எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கேனே."

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து சத்தமில்லாமல் அழுதேன். துக்கத்தில் இல்லை. அத்தனை நாள் அடக்கி வைத்திருந்த பயம் அன்றைக்குத்தான் வெளியே வந்தது.

மார்ச் பிறந்தது. என் பக்கம் விடியற்காலையிலேயே இரண்டு ஆட்டுக்கல் ஓடியது, அவளும் அவள் நாத்தனாரும் ஆளுக்கொரு கல். பொட்டலம் கட்டச் சணல் போதாமல் கடைத்தெருவெல்லாம் தேடினோம். இன்ஸ்பெக்டர் இரண்டு வாரத்தில் மூன்று தடவை வந்து இட்லியை எண்ணிப் பார்த்துவிட்டுப் போனார். பில்லில் சில பைசா வரி ஏறியதற்குக் கம்பி கட்டுகிறவர்கள் முணுமுணுத்தார்கள். "நாஸ்தாவுக்கெல்லாமா வரி?" என்று ஒருவர் கேட்டார். போன தடவை மூடியிருந்த மார்ச்சில் எங்கே சாப்பிட்டீர்கள் என்று நான் திருப்பிக் கேட்டேன். அவர் காசை வைத்துவிட்டுப் போனார்.

தட்டிக்கு அந்தப் பக்கம் வெள்ளையடிப்பு. என் கணவரின் சாப்பாட்டுக் கடையும் கோட்டுக்குப் பக்கத்தில் வந்துவிட்டது, அவர் கதவைச் சாத்திவிட்டார். முதல் இரண்டு நாள் தானே மட்டையைச் சுண்ணாம்பில் தோய்த்து அடித்துக்கொண்டிருந்தார். மூன்றாவது நாள் சுவர் முடிந்துவிட்டது. நான்காவது நாள் அதே சுவரை மறுபடி அடித்தார். எனக்குச் சிரிப்பாகவும் இருந்தது, பார்க்கப் பாவமாகவும் இருந்தது. இந்தப் பக்கம் நாற்பது பேர் குரல். அந்தப் பக்கம் ஒரு மட்டையின் சத்தம்.

ஒரு நாள் பதினொரு மணிக்குக் கூட்டம் குறைந்த நேரத்தில், வெளியே இறங்கி, தெருவைச் சுற்றி, என் வாசல் வழியாக வந்து, கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். கைகளில் சுண்ணாம்பு. மாஸ்டர் என்னைப் பார்த்தார், நான் தலையை ஆட்டினேன். அவர் பொங்கலும் வடையும் கொண்டுபோய் வைத்தார். என் கணவர் தட்டைப் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார். சாம்பாரில் பருப்பு நிறையவே இருந்தது, அதை அவர் கவனித்தார் என்பது எனக்குத் தெரிந்தது. சுக்குக் காபியும் வாங்கிக் குடித்தார், அதுவும் காபிதான் என்று அன்றைக்கு அவர் வாதாடவில்லை. கை கழுவிவிட்டு வந்து என் முன்னால் நின்றார். பில்லை எழுதிக் கொடுத்தேன்.

"எனக்கும் வரியா?" பத்து நாளில் அவர் என்னிடம் நேராகப் பேசிய முதல் வார்த்தை.

"உங்களுக்கும்தான்."

பைசா பாக்கியில்லாமல் எண்ணி வைத்தார். நான் எடுத்துப் பெட்டியில் போட்டேன். அவர் நகரவில்லை. பின்னால் மாவாட்டுகிற பெண் நாத்தனாரோடு எதற்கோ சத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தாள். அதையே கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அந்த வரி ஆபீசு செங்கல்பட்டுல எந்தப் பக்கம்?" என்றார்.